பிரதிநிதியை நகைக்கும் உரிமை
(பல்லேகலயில் நிகழ்த்தப்பெற்ற அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்துருவம்)



தமிழ் வளர்ச்சிக்கென நிறுவப்பெற்ற அறக்கட்டளையொன்றின் மேடையில் நின்று, பாராளுமன்றத்தையும் அரசியல்வாதிகளையும் எள்ளி நகைக்கும் தொலைக்காட்சிக் குறுநாடகங்களைப் பற்றிப் பேச முற்படுவது தகுமா என்று சிலர் ஐயுறக்கூடும். இலக்கியத்தையும் சமயத்தையும் பற்றிப் பேசுவதே இத்தகைய மேடைகளின் மரபாக இருந்துவந்திருக்கிறது. ஆயினும், மெய்ப்பாடுகள் எட்டினை வகுத்த தொல்காப்பியர் அவற்றுள் நகையையே முதலில் நிறுத்தினார் என்பதையும், அந்நகை தோன்றுதற்குரிய நிலைக்களன்கள் நான்கினுள் எள்ளலுக்கே முதலிடம் தந்தார் என்பதையும் நினைவிற் கொள்வோர், இப்பொருளை இலக்கியத்துக்குப் புறம்பானதென்று தள்ளமாட்டார்கள் என்று நம்புகிறேன்.

இப்பொருளை நான் தேர்ந்துகொண்டமைக்கு இவ்வூரே முதற் காரணம். பல்லேகல என்றவுடன் கிரிக்கெட் மைதானத்தையும் கைத்தொழில் வலயத்தையும் நினைப்பவர்களே வெளியூர்களில் அதிகம். மத்திய மாகாண சபையின் கட்டடத் தொகுதி இங்குதான் இருக்கிறது என்பதை அவர்களுள் பலர் அறியார். 1987ஆம் ஆண்டின் பதின்மூன்றாம் அரசியலமைப்புத் திருத்தத்தின் வழியே பிறந்து, 1988இல் முதற் தேர்தலைக் கண்டு, கண்டி, மாத்தளை, நுவரெலியா ஆகிய மூன்று மாவட்டங்களினின்றும் தெரிவாகும் ஐம்பத்தெட்டு உறுப்பினர்களைக் கொண்டு இயங்கிய அச்சபை, 2018 ஒக்டோபரில் தன் பதவிக்காலம் நிறைவுற்றுக் கலைந்தது. அதன்பின் ஆண்டுகள் பல சென்றும் தேர்தல் நடைபெறவில்லை. ஆளுநரின் கீழ் நிருவாகம் நடக்கிறது, கோப்புகள் நகர்கின்றன, சம்பளங்கள் வழங்கப்படுகின்றன. ஆனால் எழுந்து நின்று கேள்வி கேட்பாரும், பதில் சொல்ல மாட்டாமல் தடுமாறுவாரும், இடைமறித்துக் கூச்சலிடுவாரும் அங்கு இல்லை. உறுப்பினர் இல்லாத சபையை எள்ளி நகைக்க எவராலும் இயலாது. பிரதிநிதியை நகைப்பது, பிரதிநிதியை உடைய மக்களுக்கே வாய்க்கும் உரிமை. அது வாக்குரிமையோடு கூடப் பிறந்தது. வாக்குச் சீட்டு ஐந்தாண்டுக்கொருமுறை கேட்கும் கணக்கை, நல்ல நகைச்சுவை வாரந்தோறும் கேட்கிறது. இன்று நான் சொல்ல வந்தது இவ்வளவே. எஞ்சியவையெல்லாம் இக்கருத்துக்கு விரிவும் சான்றுமேயாகும்.

அரசனை அவன் அவையிலேயே நகைக்கும் மரபு நமக்குப் புதிதன்று. கூத்திலே கட்டியக்காரன் அரசனது வருகையை அறிவிக்கும் சேவகனாகவே களரிக்குள் நுழைகிறான். விருதுப் பெயர்களை அடுக்கிச் சொல்லும் அதே நாவினால், ஊரிலுள்ள குறைகளையும் சபையோர் காதிற் போட்டுவிடுகிறான். மாசி மாதத்தில் நமது தோட்டங்களில் நிகழும் காமன் கூத்திலும் கோமாளிக்கென்று ஓரிடம் உண்டு. ஏழாம் நூற்றாண்டிலே மகேந்திரவர்ம பல்லவன் 'மத்தவிலாசப் பிரகசனம்' என்னும் நகை நாடகத்தை இயற்றியபோது, தான் ஆண்ட காஞ்சி மாநகரையே அதற்குக் களமாக்கிக்கொண்டான். சிங்கள மக்களிடத்தும் இம்மரபு செழித்திருந்தது: தென்கரையோரத்துக் கோலம் ஆட்டத்தில் ஆராச்சியும் பொலிஸ்காரனும் முகமூடியணிந்து வந்து தம் அதிகாரத்தின் அசட்டுத்தனத்தைத் தாமே வெளிப்படுத்தினர், இக்கண்டி மலைநாட்டுக் களத்துமேடுகளில் ஆடப்பெற்ற சொகரி நாடகத்தில் ஊர் வைத்தியனும் பரிகாசத்துக்குத் தப்பவில்லை. இவையெல்லாம் ஊரறிந்த மனிதரை ஊரார் நடுவே நகைத்தவை. இதுவரை நேரிற் கண்டறியாத அமைச்சரொருவரின் புருவ நெரிப்பையும் தொண்டைக் கனைப்பையும் அறிந்துகொண்டு, நாடு முழுவதும் ஒரே இரவில் ஒருங்கே சிரிப்பதென்பது தொலைக்காட்சி வந்த பின்னரே கைகூடிற்று.

அக்கலையின் தொடக்கத்தைக் காண வேண்டுமாயின் இங்கிலாந்துக்கே செல்ல வேண்டும். 1962 நவம்பரில் பி.பி.சி. நிறுவனம் சனிக்கிழமை இரவுகளில் 'தட் வாஸ் த வீக் தட் வாஸ்' என்னும் நிகழ்ச்சியை ஒளிபரப்பத் தொடங்கியது. டேவிட் ஃபுரொஸ்ட் என்னும் இளைஞர் நடத்திய அந்நிகழ்ச்சி, அவ்வாரத்து அரசியலை அவ்வார இறுதியிலேயே பாட்டாகவும் நாடகத் துணுக்காகவும் ஆக்கித் தந்தது. அதன் பகுதிகளுள் என் நெஞ்சை விட்டகலாதது ஒன்று: 1959ஆம் ஆண்டுத் தேர்தலுக்குப் பின்னர் பொதுமக்கள் சபையில் ஒருமுறையேனும் எழுந்து உரையாற்றாத உறுப்பினர் சிலரை, அவர்தம் பெயரையும் தொகுதியையும் சொல்லி, 1963இல் அந்நிகழ்ச்சியில் எடுத்துக்காட்டினார்கள். உறுப்பினர்களுக்குச் சினம் மூண்டது. சபையின் சிறப்புரிமை மீறப்பட்டதாகக் கூறும் முறையீடும் எழுந்தது. ஆனால் அங்கே கற்பனையாகச் சொல்லப்பட்டது எதுவுமில்லை. ஹன்சார்ட் என்னும் சபைப் பதிவேட்டைப் புரட்டிப் பார்க்கும் பொறுமை இருந்தால் எவரும் கண்டிருக்கக்கூடிய உண்மைதான் அது. பதிவேட்டினுள் எவரும் படியாமற் கிடந்த மௌனத்தை, வீட்டுக் கூடத்திலே கேட்கும்படி செய்ததே அந்நகைச்சுவையாளர் ஆற்றிய தொண்டு. அடுத்த ஆண்டு தேர்தல் ஆண்டு என்னும் காரணத்தால் 1963 டிசெம்பருடன் அந்நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது. வாக்களிக்கும் ஆண்டில் நகைக்கலாகாது என்னும் அந்த முடிவை என்னால் ஏற்க இயலவில்லை, ஏனெனில் அவ்வாண்டிலன்றோ மக்களுக்கு அந்நகை மிகவும் தேவைப்படுகிறது!

அதே நாட்டில் 1984 முதல் 1996 வரை 'ஸ்பிட்டிங் இமேஜ்' என்னும் பொம்மை நாடகம் நடந்தது. பீற்றர் ஃபிளக், ரொஜர் லோ என்னும் இருவர் வார்த்த இரப்பர் உருவங்கள், பிரதமர் முதல் அரச குடும்பத்தினர் வரை எவரையும் விடாமல் கோரமாகப் பெருக்கிக் காட்டின. அதன் துணிவை நான் மெச்சுகிறேன். ஆனால் அதன் அநீதியையும் சொல்லாதிருக்க முடியாது. லிபரல் கட்சித் தலைவராக விளங்கிய டேவிட் ஸ்டீலை, அவரது கூட்டணித் தோழர் டேவிட் ஓவெனின் சட்டைப் பைக்குள் அடங்கும் சிற்றுருவமாக அந்நாடகம் மீண்டும் மீண்டும் காட்டியது. தமது அரசியற் பெயருக்கு அப்பொம்மை ஊறு விளைத்தது என்று ஸ்டீல் பிற்காலத்தில் கூறினார். அவர் எந்த மசோதாவை ஆதரித்தார், எதனை எதிர்த்தார், எங்கே சொன்ன சொல்லிலிருந்து வழுவினார் என்பவற்றுள் எதையும் அப்பொம்மையினால் ஒருவரும் அறிந்துகொள்ளவில்லை. அவர் சிறியவர் என்னும் ஒரு படிமமே எஞ்சியது. ஊமை உறுப்பினரைப் பெயர் சொல்லிய நகைக்கும், ஒருவரைப் பைக்குள் அடக்கிய நகைக்கும் உள்ள வேற்றுமையே இத்துறையின் உயிர்நிலை என்பது என் துணிபு. முன்னது பதவியை அளக்கிறது. பின்னது உடலை அளக்கிறது. உருவத்தையும் நிறத்தையும் பேச்சு வழக்கையும் கண்டு சிரிக்கக் கற்ற மக்கள், அதிகாரத்தின் நடத்தையைக் கண்டு சிரிக்கும் திறனை மெல்ல மெல்ல இழந்துவிடுவார்கள்.

மூன்றாவது வகையொன்றும் உண்டு. 1980இல் தொடங்கிய 'யெஸ் மினிஸ்டர்' என்னும் தொடரில், அமைச்சர் ஒருவரும் அவரது நிரந்தரச் செயலாளரும் ஓர் அறையினுள் பேசிக்கொள்வதே பெரும்பாலும் கதை. அமைச்சர் ஆள்வதாக எண்ணுகிறார். ஆள்பவரோ கோப்புகளை வைத்திருக்கும் செயலாளர். அரசாங்கம் இயங்கும் முறையை அதைக் காட்டிலும் தெளிவாகச் சாதாரண மக்களுக்குக் கற்பித்த பாடநூலை நான் கண்டதில்லை. அத்தொடரைப் பெரிதும் விரும்பியவர் பிரதமர் மார்கரெட் தட்சர். 1984 சனவரியில் நடந்த பரிசளிப்பு விழாவொன்றில், அதன் நடிகர் இருவரோடும் சேர்ந்து அவர் தாமே ஒரு குறுங்காட்சியில் நடித்தார். ஆள்வோர் நகைச்சுவையை அடக்கக் கையாளும் வழிகளுள் தண்டிப்பது ஒன்று, தழுவிக்கொள்வது மற்றொன்று. தழுவலுக்கு இரையாகாமல் நிற்பது தண்டனைக்கு அஞ்சாமல் நிற்பதைக் காட்டிலும் கடினம் என்பதை நகைச்சுவையாளர்கள் உணர்ந்திருத்தல் நலம்.

பாராளுமன்றத்தை நகைக்கும் உரிமையை விதியால் கட்டிய நாடுகளும் உள. 1989 நவம்பர் 21ஆம் நாள் பிரித்தானியப் பொதுமக்கள் சபைக்குள் தொலைக்காட்சிக் கருவிகள் நுழைந்தபோது, அங்கு எடுக்கப்படும் காட்சிகளைக் கேளிக்கைக்கோ அரசியல் எள்ளலுக்கோ பயன்படுத்தலாகாது என்னும் நிபந்தனையும் உடன் நுழைந்தது. 2011 யூலையில், அமெரிக்க நகைச்சுவையாளர் ஜோன் ஸ்டூவர்ட் அச்சபையின் காட்சிகளை எடுத்தாண்ட ஒரு நிகழ்ச்சியை இங்கிலாந்தின் சனல் 4 அலைவரிசையால் காட்ட இயலாமற் போயிற்று. உலகின் பிற பகுதி மக்கள் கண்டு சிரித்ததை, அச்சபையைத் தேர்ந்தெடுத்த மக்கள் தம் தொலைக்காட்சியில் காண முடியவில்லை. நியூசிலாந்துப் பாராளுமன்றமும் 2007இல் இத்தகைய தடையொன்றை விதித்து, பத்தாண்டுகளுக்குப் பின் 2017இல் அதை நீக்கியது. அத்தடை நீங்கிய பின்னர் அங்கே சபையின் கண்ணியம் குலைந்துவிட்டதாக நான் அறியேன்.

நமது நாட்டின் 2018ஆம் ஆண்டு நவம்பரை நினைத்துப் பாருங்கள். ஒக்டோபர் 26ஆம் நாள் எழுந்த அரசியலமைப்பு நெருக்கடியின் உச்சத்தில், நவம்பர் 16ஆம் நாள், சபாநாயகர் தம் ஆசனத்தை அடைய முடியாமல் பொலிஸார் சூழ நின்று வாக்கெடுக்க நேர்ந்தது. உறுப்பினர்கள் எறிந்த பொருள்களுள் புத்தகமும் நாற்காலியும் இருந்தன, மிளகாய்த் தூளும் இருந்தது. அக்காட்சியை நாடு முழுவதும் தொலைக்காட்சியில் கண்டது. எந்த விகட நடிகர் அதற்கு மேல் ஒன்றை நடித்துக் காட்ட முடியும் என்று அப்போது பலர் கேட்டனர். என் விடை வேறு. மிளகாய்த் தூள் எறிந்ததை நடித்துக் காட்டுவது எளிது, பயனற்றதுங்கூட. அந்த ஆரவாரத்தின் நடுவே சபாநாயகர் என்ன செய்ய முயன்றார், குரல் வாக்கெடுப்பு என்பது யாது, அது ஏன் ஒரு சாராருக்கு அத்தனை அச்சம் தந்தது என்பவற்றை நகையோடு விளங்கவைத்திருந்தால், மக்கள் அடுத்த நாட் காலையில் அரசியலமைப்பைப் பற்றி வீடுகளிற் பேசியிருப்பார்கள். கலவரம் கண்ணுக்குத் தானே தெரியும். கலவரத்தின் காரணத்தைக் காட்டுதற்கே கலைஞன் வேண்டும்.

தமிழகத்தைப் பார்ப்போம். சோ ராமசாமி 1968இல் மேடையேற்றி 1971இல் திரைப்படமாக்கிய 'முகமது பின் துக்ளக்', பாராளுமன்றத்தைப் பற்றித் தமிழில் எழுந்த எள்ளல்களுள் தலைசிறந்ததென்பது என் அபிப்பிராயம். பல நூற்றாண்டுகளுக்கு முன் ஆண்ட துக்ளக், தான் உயிர்த்தெழுந்து வந்ததாகச் சொல்லித் தேர்தலில் நின்று பிரதமராகிறான். தன் பக்கம் வந்து சேரும் உறுப்பினர் அனைவரையும் துணைப் பிரதமர்களாக்கிவிடுகிறான். மிகையென்று அன்று சிரித்தார்கள். 2007 சனவரியில் நமது நாட்டில் அமைச்சர், அமைச்சரவைக்குப் புறம்பான அமைச்சர், பிரதி அமைச்சர் ஆகியோரின் தொகை நூற்றைக் கடந்தது. 2015ஆம் ஆண்டின் பத்தொன்பதாம் திருத்தம் அமைச்சரவை அமைச்சர்களின் எண்ணிக்கையை முப்பதுக்குள் அடக்க வேண்டியிருந்தது. சென்னை நாடகமேடையொன்றில் எழுந்த சிரிப்பு, நாற்பதாண்டுகளுக்குப் பின் நமது அரசாங்கத்தின் வரவு செலவை விளக்கும் உரையாக நின்றதென்றால், அந்நாடகாசிரியர் கண்டது தனியொரு கட்சியின் குறையன்று, கட்சி தாவலுக்கும் பதவி வழங்கலுக்கும் உள்ள இயக்கமே என்பது விளங்கும்.

அவ்விதக் கூர்மை தமிழகத் தொலைக்காட்சியில் ஏன் தொடர்ந்து வளரவில்லை? காரணம் மறைவானதன்று. 1993இல் தொடங்கிய சன் தொலைக்காட்சி, 1999இல் வந்த ஜெயா, 2007இல் வந்த கலைஞர், 2010இல் வந்த கேப்டன் என அலைவரிசைகள் பல, கட்சிகளோடும் கட்சித் தலைவர்தம் குடும்பங்களோடும் நெருங்கிய உறவுடையனவாகவே பிறந்தன. தன் தலைவரை நகைக்க இயலாத அலைவரிசை, எதிர்க்கட்சித் தலைவரை மட்டும் நகைத்தால் அது பிரசாரமாகிவிடுகிறது. ஆகவே பொதுவில் நகைப்பதற்குத் திரைப்படமே எஞ்சிற்று. விஜய் தொலைக்காட்சியின் 'லொள்ளு சபா', சபை என்னும் பெயரைச் சூடியிருந்தும், பெரும்பாலும் திரைப்படங்களையே பகடி செய்தது; அதன் நடிகர்களுக்கும் எழுத்தாளர்களுக்கும் இருந்த திறமையைக் கண்டபோதெல்லாம், அத்திறமை சட்டசபையின் கேள்வி நேரத்தின்மீது ஒரு வாரமேனும் பாய்ந்திருக்கக் கூடாதா என்று நான் ஏங்கியதுண்டு. அண்டை மாநிலமான கேரளத்திலே ஏசியாநெட் அலைவரிசை 1993 முதல் 'சினிமாலா'வையும், பின்னர் 'முன்ஷி' என்னும் அன்றாடக் குறுநாடகத்தையும் நடத்தி, அரசியல் தலைவர்களைப் போலச் செய்து காட்டுவதை மக்களின் மாலை நேர வழக்கமாக்கியது. அரசுத் தொலைக்காட்சியான தூர்தர்ஷனிலேயே 1989இல் ஜஸ்பால் பட்டி 'ஃபிளாப் ஷோ' மூலம் இலஞ்சத்தையும் அதிகாரிகளின் மெத்தனத்தையும் நகைக்க முடிந்ததென்பதையும் மறக்கலாகாது.

தண்டனைகளின் வரலாற்றைப் பார்த்தால், அதிகாரம் எதற்கு அஞ்சுகிறது என்பது புலப்படும். 1987 மார்ச்சில் ஆனந்த விகடன் தன் அட்டையில் ஒரு நகைச்சுவைச் சித்திரம் வெளியிட்டது. மேடையில் இருப்பவர்களுள் சட்டசபை உறுப்பினர் யார், அமைச்சர் யார் என்று ஒருவர் வினவ, ஒருவரைப் பிக்பாக்கெட் போலவும் மற்றவரை முகமூடிக் கொள்ளைக்காரர் போலவும் அடையாளம் சொல்லுவதாக அமைந்தது அது. சபாநாயகர் பி. எச். பாண்டியன் தலைமையிலான தமிழகச் சட்டசபை, ஆசிரியர் எஸ். பாலசுப்பிரமணியனுக்கு மூன்று மாதக் கடுங்காவல் விதித்தது. ஏப்ரல் 4ஆம் நாள் சிறை சென்ற அவர், எங்கும் எழுந்த எதிர்ப்பினால் ஓரிரு நாள்களில் விடுவிக்கப்பட்டார். அவர் வழக்குத் தொடுத்தார். 1994இல் சென்னை உயர் நீதிமன்றம் அவருக்கு அடையாள இழப்பீடாக ஆயிரம் ரூபாய் வழங்குமாறு தீர்ப்பளித்தது. சித்திரத்தில் எந்த உறுப்பினரின் பெயரும் இல்லை, எவரது உருவமும் இல்லை. பதவியே நகைக்கப்பட்டது, அதனாலேயே சபை முழுவதும் சினந்தது.

முப்பத்தைந்து ஆண்டுகள் கழித்து, 2022 சனவரி 15ஆம் நாள், ஜீ தமிழ் தொலைக்காட்சியின் 'ஜூனியர் சூப்பர் ஸ்டார்ஸ்' நிகழ்ச்சியில் சிறுவர் இருவர் அரசனாகவும் அமைச்சனாகவும் வந்தனர். 2006இல் சிம்புதேவன் இயக்கத்தில் வடிவேலு நடித்த 'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி'யின் சாயலில் அமைந்த அக்காட்சியில், கறுப்புப் பணத்தை ஒழிப்பதாகச் சொல்லி நாணயத்தையே செல்லாததாக்கிய அரசனைப் பற்றியும், விதவிதமான உடையணிந்து நாடு நாடாகச் சுற்றுவதைப் பற்றியும் அப்பிள்ளைகள் பேசினார்கள். எவர் பெயரும் சொல்லப்படவில்லை. பாரதிய ஜனதா கட்சியினர் முறையிட, ஒன்றிய அரசின் தகவல் ஒலிபரப்பு அமைச்சு ஏழு நாள்களுக்குள் விளக்கம் தருமாறு அலைவரிசைக்கு அறிவித்தல் அனுப்பியது. அக்காட்சி இணையத்திலிருந்து அகற்றப்பட்டது. பெயர் சொல்லாத கதையைத் தம் தலைவரின் கதையென்று அடையாளம் காட்டியவர்கள் முறையிட்டவர்களே என்பதைச் சிந்தித்துப் பாருங்கள். அவ்விரு சிறுவர்களும் கூத்துக் களரியிலே கட்டியக்காரன் செய்த பணியைத்தான் செய்தார்கள். அதைச் செய்வதற்கு அவர்களுக்குத் தடையில்லாத மேடையை அளிப்பது மூத்தவர்களின் கடமையாயிருந்தது. அக்கடமையில் மூத்தவர்கள் தவறினார்கள் என்று சொல்வதில் எனக்குத் தயக்கமில்லை.

நமது நாட்டிலோ விலை இதனினும் கொடியதாக இருந்தது. 1990 பெப்ரவரியில் கடத்திக் கொல்லப்பட்ட ரிச்சர்ட் டி சொய்சா, பத்திரிகையாளர் மட்டுமல்லர், நடிகருமாவார். அக்காலத்து ஜனாதிபதியை எள்ளும் நாடகமொன்றோடு அவர் பெயரும் இணைத்துப் பேசப்பட்டது. கேலிச் சித்திரக்காரரான பிரகீத் எக்னெலிகொட 2010 சனவரி 24ஆம் நாள் காணாமற் போனார். இவற்றைக் கண்ட தலைமுறையொன்று தொலைக்காட்சியிலே துணிந்து நகைக்கவில்லை என்று குறை கூறுவது எளிதன்று. 1953ஆம் ஆண்டின் பாராளுமன்ற அதிகாரங்கள் சிறப்புரிமைகள் சட்டத்துக்கு 1978இல் வந்த திருத்தம், தன்னை அவமதித்தவரைத் தானே விசாரித்துத் தண்டிக்கும் அதிகாரத்தைப் பாராளுமன்றத்துக்கு வழங்கியிருந்தது. 1997இல்தான் அது நீக்கப்பட்டது. நமது தேசியத் தொலைக்காட்சியான ரூபவாஹினி 1982 பெப்ரவரி 15ஆம் நாள் ஒளிபரப்பைத் தொடங்கியது; கோட்டேயில் தியவன்னா ஓயாவின் நடுவே ஜெப்ரி பாவா வடிவமைத்த புதிய பாராளுமன்றம் அதே ஆண்டு ஏப்ரல் 29ஆம் நாள் திறக்கப்பட்டது; அவ்வாண்டு டிசெம்பரில் நடந்த சர்வஜன வாக்கெடுப்பு, தேர்தலின்றியே அப்பாராளுமன்றத்தின் ஆயுளை ஆறாண்டு நீட்டித்தது. சபையும் சபையைக் காட்டும் கண்ணாடியும் ஒரே ஆண்டில் பிறந்து, இரண்டும் ஒரே கையில் இருந்த காலம் அது.

ஆயினும் நகை முற்றாக அற்றுப்போகவில்லை. சுயாதீனத் தொலைக்காட்சியில் 1987இல் தொடங்கிய 'கோப்பி கடே' என்னும் சிங்களத் தொடர், கிராமத்துக் கோப்பிக் கடையொன்றில் கூடுவோர் நாட்டு நடப்பைப் பேசுவதாக அமைந்து பல்லாண்டு நீடித்தது. தமிழிலே சி. சிவஞானசுந்தரம் 1963இல் தொடங்கிய 'சிரித்திரன்', சவாரித் தம்பரையும் சின்னக்குட்டியையும் கொண்டு யாழ்ப்பாணச் சமூகத்தின் மனச்சாட்சியைத் தட்டியெழுப்பியது. வானொலியில் 'கோமாளிகள் கும்மாளம்' என்னும் தொடரில் மரைக்கார், அப்புக்குட்டி, உபாலி, ஐயர் என்னும் நால்வரும் நால்வகைத் தமிழ் பேசி ஒன்றாக வாழ்ந்தார்கள். 1976இல் அது திரைப்படமாகவும் வந்தது. அன்பு நிறைந்த நகை அது. நாட்டின் பல்வகை மக்கள் ஒரே கூரையின்கீழ் வாழ முடியுமென்று கேட்போர் நம்பும்படி செய்தது. ஆனால் அந்நால்வருள் தோட்டத்து மனிதர் ஒருவரில்லை என்பதை, மலையகத்தில் வானொலி கேட்டு வளர்ந்த எனக்குச் சுட்டிக்காட்டாதிருக்க இயலவில்லை.

இங்கேதான் என் பேச்சின் மையத்துக்கு வருகிறேன். 1947ஆம் ஆண்டுத் தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரசைச் சேர்ந்த எழுவர் பாராளுமன்றம் சென்றனர். கவிஞர் சி. வி. வேலுப்பிள்ளை தலவாக்கலையினின்றும், சௌமியமூர்த்தி தொண்டமான் நுவரெலியாவினின்றும், கே. இராஜலிங்கம் நாவலப்பிட்டியினின்றும் தெரிவானார்கள். அடுத்த ஆண்டு வந்த 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டமும், 1949ஆம் ஆண்டின் தேர்தல் திருத்தச் சட்டமும் தோட்டத்து மக்களுள் மிகப் பெரும்பாலோரின் வாக்கைப் பறித்தன. 1952ஆம் ஆண்டுத் தேர்தலில் அக்காங்கிரசுக்கு ஓர் இடமும் கிட்டவில்லை. 1977இல்தான் நுவரெலியா மஸ்கெலியாத் தொகுதியினின்று தொண்டமான் மீண்டும் மக்கள் வாக்கால் தெரிவானார். இடைப்பட்ட கால் நூற்றாண்டுக்கு, தேயிலை பறித்த மக்கள் தம் வாக்கால் தெரிந்தனுப்பிய ஒருவரை, 'இவர் நம்மவர், நாம் அனுப்பியவர், நமக்கு இவர் என்ன செய்தார்' என்று கேட்டு நகைக்க முடியாதிருந்தார்கள். மாறாக, அவர்களே நகைக்கப்பட்டார்கள்: அவர்களது பேச்சு, அவர்களது உடை, லயத்து வாழ்க்கை ஆகியவை பிறரது மேடைகளிலே போலிசெய்து காட்டப்பட்டன. வாக்கில்லாதவன் நகைக்கப்படும் பொருளாகவே எஞ்சுகிறான் என்பதற்கு நம் வரலாற்றைக் காட்டிலும் வேறு சான்று வேண்டுவதில்லை.

இன்று நமக்கு வாக்குண்டு, உறுப்பினருண்டு, சக்தி, வசந்தம், நேத்ரா எனத் தமிழ் அலைவரிசைகளும் உண்டு. இனி நாம் செய்யத்தக்கது யாது? மும்மொழியிலும் பேசப்பெற்றவாறே பதிவாகும் ஹன்சார்ட்டை நம் இளைஞர்கள் எடுத்துப் படிக்க வேண்டும். நம் உறுப்பினர் எத்தனை முறை எழுந்தார், எந்த மசோதாவுக்கு வாக்களித்தார், எந்த வாக்கெடுப்பின்போது சபையில் இல்லை என்பன அனைத்தும் அங்கே இருக்கின்றன. அவற்றினின்று பிறக்கும் நாடகம் ஒருவரது தோற்றத்தையும் சாதியையும் நாடாது. நாடவேண்டிய தேவையே அதற்கு இராது.

எடுத்துக்காட்டாக, நாட் கூலியின் கதையைக் கொள்வோம். 2015 முதல் ஆயிரம் ரூபாய் என்னும் தொகை மேடைகளில் முழங்கியது. 2016இல் கையெழுத்தான கூட்டு ஒப்பந்தம் கொடுப்பனவுகள் யாவும் சேர்த்து 730 ரூபாய் என்றது, அதிலும் அடிப்படைச் சம்பளம் 500 ரூபாய்தான்; 2019இல் அடிப்படைச் சம்பளம் 700 ரூபாயாயிற்று; 2021 மார்ச்சில் சம்பள நிர்ணயச் சபையின் வழியாக ஆயிரம் வந்தது. 2024 மே தினத்தன்று கொட்டகலை மேடையிலே 1,700 ரூபாய் அறிவிக்கப்பட்டது; கம்பனிகள் நீதிமன்றம் சென்றன; அவ்வாண்டு செப்டெம்பரில் நிர்ணயமானது 1,350 ரூபாய். மேடையில் சொல்லப்பட்ட தொகைக்கும் சம்பளச் சிட்டையில் அச்சான தொகைக்கும் இடையிலே, எத்தனை பேச்சுவார்த்தைகள், எத்தனை மாலைகள், எத்தனை பட்டாசுகள்! இவற்றை வரிசைப்படி நடித்துக் காட்டினாலே போதும். ஒரு சொல்லும் மிகைப்படுத்த வேண்டியதில்லை. அந்நாடகத்தில் கொழுந்து பறிக்கும் பெண் தன் பேச்சிலேயே, தன் கணக்கைத் தெளிவாகச் சொல்லட்டும்: இத்தனை கிலோ, இத்தனை நாள், இவ்வளவு பிடித்தம், கையில் இவ்வளவு. அவள் முன் நின்று பதில் சொல்ல வேண்டிய அமைச்சர் வேடதாரி, தன் உரைத்தாளைப் புரட்டிப் புரட்டித் தேடட்டும். தோட்டத்துத் தமிழ் பேசுபவள் தொலைக்காட்சியில் தோன்றியவுடனே சிரிக்கப் பழகியிருந்த பார்வையாளர்கள், அன்று அவளோடு சேர்ந்து அமைச்சரைப் பார்த்துச் சிரிப்பார்கள். அத்தகைய நாடகமொன்றை எழுதி நடிக்க முன்வரும் மாணவர்களுக்கு, என்னிடமுள்ள ஹன்சார்ட் தொகுதிகளையும் பத்திரிகை நறுக்குகளையும் தரச் சித்தமாயிருக்கிறேன்; இக்கூட்டம் முடிந்ததும் அவர்கள் என்னைச் சந்திக்கலாம்.